ஃபுட்டேஜ் யார் பேருல இருக்கு?

ஆவணப்படம் எடுக்க வருகிற தம்பி தங்கைகள் முதலில் கேட்பது எந்த கேமரா வாங்கலாம் என்று. கேமராவுக்குத் தவணை கட்டாதீர்கள், நாள் வாடகைக்குக் கிடைக்கிறது. இந்தத் தொழிலில் சேருகிற ஒரே சொத்து, ஃபுட்டேஜும், அதாவது படம்பிடித்து வைத்த காட்சிகளும், அதைத் திரும்பப் பயன்படுத்தும் உரிமையும்தான்.

சோறு போடுவது பெரும்பாலும் தொண்டு நிறுவனங்களுக்கு எடுக்கும் படங்கள். சொத்து கைமாறுவதும் அங்கேதான். 1957 பதிப்புரிமைச் சட்டம், 17ஆவது பிரிவு: ஒருவர் காசு கொடுத்து எடுக்கச் சொன்ன படத்துக்கு, மாற்றி ஒப்பந்தம் போடாதவரை, முதல் உரிமையாளர் அவர்தான். "ஓகே சார், ஆரம்பிச்சிடலாம்" என்று வாட்ஸ்அப்பில் முடிகிற வேலையெல்லாம் இந்தக் கணக்கில்தான் வரும். ஒரு நிறுவனத்துக்காக உப்பளம் ஒன்றைப் படமெடுத்தீர்கள் என்று வையுங்கள். நாலு வருஷம் கழித்து அதே உப்பளத்தைப் பற்றிச் சொந்தமாகப் படம் எடுக்கப் போனால், நீங்களே எடுத்த ஷாட்டுக்கு அவர்களிடம் அனுமதி கேட்டு நிற்கணும். அதனால் அட்வான்ஸ் வாங்குமுன் ஒரு வரி எழுதி வாங்குங்கள்: முடிந்த படம் நிறுவனத்துக்கு, எடிட் செய்யாத ஃபுட்டேஜ் இயக்குநருக்கு. ஒத்துக்கொள்ளாவிட்டால் சம்பளத்தை ஏற்றுங்கள். கூச்சப்படவே வேண்டாம்.

சொந்த ஃபுட்டேஜாக இருந்தும் விற்க முடியாமல் போவது பாட்டால். டீக்கடைப் பேட்டியில் பின்னால் ராஜா பாட்டு ஓடினால் கேட்க நன்றாகத்தான் இருக்கும். ஆனால் பாட்டுக்கு ஒரு உரிமை, ஒலிப்பதிவுக்கு இன்னொரு உரிமை. பாட்டின் உரிமையாளர் யூடியூபில் உரிமை கோருகிற கிளெய்ம் சின்னத் தொல்லை. சேனல்காரர் உரிமைக் கடிதம் கேட்கும்போதுதான் படம் அப்படியே நின்றுபோகும். எடிட்டில் பாட்டை உருவினால் பேச்சும் சேர்ந்து தேயும். ரேடியோவை அணைக்கச் சொல்லிவிட்டு எடுங்கள். முடிந்ததும் அங்கேயே ஒரு நிமிஷம் வெறும் சூழல் ஒலியைப் பதிந்துகொள்ளுங்கள், வெட்டுகளை மூட உதவும்.

படத்தில் வருகிறவர்களிடம் கையெழுத்து வாங்கும் ஒப்புதல் படிவம் தமிழில் இருக்கட்டும். படம் விழா, டிவி, இணையம் மூன்றிலும் வரலாம் என்பதை வாசித்துக் காட்டி, கேமரா முன்னாலும் சொல்லச் சொல்லுங்கள். சின்னப் பிள்ளைகள் என்றால் பெற்றோர் கையெழுத்து. அதற்காக, பின்னால் பயந்துபோய் "என்னை எடுத்துடுங்க" என்கிறவரைக் கையெழுத்தைக் காட்டி மிரட்டுவது அயோக்கியத்தனம்.

நம்மூர் கரண்ட் 50 ஹெர்ட்ஸ். கேமராவில் நொடிக்கு 25 ஃப்ரேம், ஷட்டர் 1/50 நொடி வையுங்கள். போனில் 30 ஃப்ரேம், 1/60 என்று விட்டால் டியூப்லைட் வெளிச்சம் அலையடிக்கும்.

நொடிக்கு 100 மெகாபிட்டில் எடுக்கும் 4கே வீடியோ, மணிக்கு 45 ஜிபி. இருபது மணி நேரம் என்றால் 900 ஜிபி. இரண்டு டிஸ்க்கில் ஏற்றி, ஒன்றை வேறு வீட்டில் வையுங்கள். இரண்டும் சரியாகத் திறக்கிறதா என்று பார்க்காமல் கார்டை அழிக்காதீர்கள்.

ஆஸ்கர் குறும் ஆவணப்படப் பிரிவின் வரம்பு, டைட்டில் எல்லாம் சேர்த்து 40 நிமிஷம். அதைப் பார்த்துவிட்டு 38 நிமிஷத்துக்கு இழுக்கிறார்கள். நாலைந்து படங்களைச் சேர்த்துத் திரையிடும் விழாவில் 20 நிமிஷப் படத்துக்குத்தான் இடம் சுலபமாகக் கிடைக்கும். விழாச் சுற்று முடியும்வரை யூடியூபில் போடாதீர்கள், முதல் திரையிடல் கேட்கும் விழாக்கள் கழித்துவிடும். தேர்வுக்குழுவுக்குப் பாஸ்வேர்டு போட்ட லிங்க் போதும். அந்தப் பாஸ்வேர்டை நடுவில் மாற்றித் தொலைக்காதீர்கள்.