ஒலியாளர் பெயர் வருவதற்குள் திரையைச் சுருக்குகிறார்கள்

இணையத்தில் படம் காட்டும் தளங்களில், படம் முடிந்து பெயர்ப்பட்டியல் ஓடத் தொடங்கியதுமே திரை ஒரு மூலைக்குச் சுருங்கி, அடுத்த படத்தின் விளம்பரம் முன்னால் வந்து நிற்பதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு இரத்தம் கொதிக்கிறது. இயக்குநரும் நடிகர்களும் யார் என்பதைச் சுவரொட்டியே சொல்லிவிடுகிறது. ஒலிப்பதிவாளருக்கும் ஒலிக்கலவை செய்தவருக்கும் அந்தக் கடைசிச் சில நிமிடங்களை விட்டால் வேறு எந்த இடம் இருக்கிறது?

பெயர் விடுபட்டால் என்ன ஆகும் என்பதற்கு இங்கிலாந்தின் மின்னணு இசைக் கலைஞர் டாஃப்னி ஓரமின் வாழ்க்கையைப் பாருங்கள். 1940களின் தொடக்கத்தில் ராயல் இசைக் கல்லூரியில் கிடைத்த இடத்தை உதறிவிட்டுப் பிபிசியில் சேர்ந்த அவர், மற்றவர்கள் வீட்டுக்குப் போன பிறகு ஒலிநாடாக் கருவிகளை ஒன்றுசேர்த்து, இரவெல்லாம் மின்னணு ஒலிகளைச் சோதித்துப் பார்த்தார். இசைக்குழுவையும் இசைத்தட்டுகளையும் இணைத்து 1940களின் இறுதியில் அவர் எழுதிய 'ஸ்டில் பாயின்ட்' என்ற இசைப்படைப்பு பிபிசியால் மறுக்கப்பட்டு, 2003இல் அவர் மறையும்வரை மேடையேறவே இல்லை. அவர் விடாது வற்புறுத்தியதன் பயனாக 1958இல் பிபிசியின் மின்னணு ஒலிக்கூடமான ரேடியோஃபோனிக் ஒர்க்‌ஷாப் உருவானது. மறு ஆண்டே அதை விட்டு விலகி, கெண்ட் பகுதியில் சொந்தக் கூடம் அமைத்து, 35 மி.மீ. படச்சுருளில் வரைந்த கோடுகளை ஒளியின் உதவியால் ஒலியாக்கும் 'ஓராமிக்ஸ்' கருவியைக் கட்டியெழுப்பினார்.

இத்தகைய ஒருவர்தான் 1961இல் வெளிவந்த 'தி இன்னசென்ட்ஸ்' என்ற பேய்ப் படத்துக்கு மின்னணு ஒலிகளை உருவாக்கினார். படத்தின் பெயர்ப்பட்டியலில் அவர் இல்லை. இசையமைத்த ஜார்ஜ் ஓரிக்குக்கு உரிய மதிப்பை நான் மறுக்கவில்லை; ஆனால் பார்வையாளனின் முதுகுத்தண்டைச் சில்லிட வைத்த ஒலிக்குச் சொந்தக்காரரை ஒரு வரியில்கூடக் குறிப்பிடாமல் விட்டது பச்சை அநியாயம்.

அன்று பெயரை எழுதாமல் விட்டார்கள். இன்று எழுதிய பெயரையும் படிக்க விடாமல் மறைக்கிறார்கள். யாரும் பார்ப்பதில்லை என்று காரணம் சொல்கிறார்கள். பார்க்க விட்டால்தானே பார்ப்பதற்கு? பெயர்கள் முழுத்திரையில் ஓடி முடிவதே இயல்பான அமைப்பாக இருக்கட்டும்; அவசரப்படுகிறவர் பொத்தானைத் தேடி அழுத்திக்கொள்ளட்டும். பழைய படங்களை வெளியிடுகிறவர்கள் மூலப்படத்தைத் தொட வேண்டியதில்லை, விவரப் பக்கத்தில் விடுபட்டவரின் பெயரை ஒரு வரியாகச் சேர்த்தால் போதும். அதற்குக்கூடவா மனம் வரவில்லை?