புள்ளி தெரியாத வழக்கு

முந்தாநாள் பின்னேரம் எங்கள் ஒழுங்கைத் தம்பி ஒருவன் ஒரு கடிதத்தோடு வந்தான். "அண்ணை, பொலிஸ் நேர்முகத்தில என்னை எடுக்கேல்லை. வழக்குப் போடலாமோ?"

"உனக்கு எத்தனை புள்ளி?"

"தெரியாது."

"எடுபட்டவைக்கு?"

"அதுவும் தெரியாது."

கடிதம் கிடைத்து இருபத்திரண்டு நாள். அதைக் கேட்டதும்தான் எனக்குப் பகீர் என்றது.

யாழ்ப்பாணத்தில் இப்படி ஒன்று நடந்தால் இரண்டு யோசனை வரும். ஒன்று, எம்பியைப் பிடி. மற்றது, கோட்டுக்குப் போ. முதலாவதைப் பற்றிப் பேச எனக்கு விருப்பமில்லை. இரண்டாவதில்தான் பலருக்கு விளங்காத சங்கதி இருக்கிறது.

நீதிபதிகள் விடைத்தாள் திருத்த மாட்டார்கள். "நான் அவனைவிடக் கெட்டிக்காரன்" என்று சொன்னால் அது அவர்களுக்கு வேலையில்லாத கதை. வர்த்தமானியில் போட்ட தகைமைகளின்படிதான் தெரிவு நடந்ததா, விண்ணப்பம் கோரிய பிறகு புள்ளித்திட்டத்தை மாற்றினார்களா, குறைந்த புள்ளி எடுத்தவரை உள்ளே விட்டுக் கூடின புள்ளி எடுத்தவரை வெளியே நிறுத்தினார்களா என்றுதான் பார்ப்பார்கள். அரசியலமைப்பின் 12(1) உறுப்புரை சொல்லும் சமத்துவம் அங்கேதான் வருகிறது. "அவனைப் பிழையாக எடுத்தீர்கள், என்னையும் எடுங்கள்" என்பதும் எடுபடாது. சட்டவிரோதத்தில் பங்கு கேட்க முடியாது.

இதையெல்லாம் நிரூபிக்கப் புள்ளி வேண்டும். அது யாரிடம் இருக்கிறது?

பொலிஸ் நியமனங்களுக்குப் பொறுப்பான தேசிய பொலிஸ் ஆணைக்குழுவின் தீர்மானத்தை, அடிப்படை உரிமை மீறலுக்கான 126ஆம் உறுப்புரையின் கீழ் நாட்டின் உச்ச நீதிமன்றமான உயர் நீதிமன்றத்தில்தான் கேள்விக்குட்படுத்தலாம், வேறு நீதிமன்றம் கைவைக்க முடியாது. அதாவது இரவு பஸ் ஏறிக் கொழும்பு, அந்த நீதிமன்றம் இருக்கிற புதுக்கடை. மீறல் நடந்து ஒரு மாதத்துக்குள் மனு போக வேண்டும். 2016 தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் புள்ளியைக் கேட்கலாமே என்பீர்கள். சரி, கேட்கலாம். தருவதா இல்லையா என்று முடிவெடுக்கவே 14 வேலை நாள் அவகாசம். சனி, ஞாயிறு, போயா எல்லாம் சேர்த்தால் மூன்று கிழமை. மிச்சம் ஒரு கிழமைக்குள் சட்டத்தரணியும் காசும் தேட வேண்டும். தெரிவானவர்களையும் எதிர்மனுதாரராகப் போட வேண்டிவரும். அதில் ஒருத்தன் இவனோடு ஒரே டியூட்டரியில் படித்தவனாகவும் இருக்கலாம்.

அதே 126ஆம் உறுப்புரை, மனுவை இரண்டு மாதத்துக்குள் தீர்க்க வேண்டும் என்றும் சொல்கிறது. ஆனால் அது வெறும் வழிகாட்டல்தானாம், கட்டாயமில்லையாம்; வழக்குகள் வருடக்கணக்கில் போகும். நமக்கு இரும்பு, அவர்களுக்கு றப்பர். தீர்ப்பு வரும்போது பையனின் வயதெல்லை தாண்டியிருக்கும்.

நானும் ஒருகாலம் ஒரு திணைக்கள நேர்முகத்துக்குப் போனேன். மேசைக்குப் பின்னால் மூன்று பேர், நாலு நிமிடம். ஒருவர் தேத்தண்ணியில் பிஸ்கட் தோய்த்துக்கொண்டே கேள்வி கேட்டார். எத்தனை புள்ளி போட்டார் என்று இன்றைக்கும் தெரியாது. அப்பா "விடடா" என்றார், விட்டுவிட்டேன்.

அந்த அப்பாவின் தலைமுறைதான் தரப்படுத்தலில், அதாவது பல்கலைக்கழக அனுமதிக்கு மொழிக்கு மொழி வேறு வெட்டுப்புள்ளி வைத்ததில், அடிபட்டது. 1971இல் மருத்துவத்துக்குத் தமிழ் மொழிமூலத்தவருக்கு 250 புள்ளி வேண்டும், சிங்கள மொழிமூலத்தவருக்கு 229 போதும். அநியாயம்தான். ஆனால் அநியாயத்துக்கு ஒரு இலக்கம் இருந்தது. அதைக் காட்டிச் சண்டை பிடிக்கலாம். நேர்முகத்தில் அதுகூட இல்லை.

நான் கேட்பது பெரிய விசயமில்லை. "தெரிவாகவில்லை" என்ற கடிதத்திலேயே அவனுடைய புள்ளிகளையும் கடைசியாக எடுபட்டவரின் புள்ளியையும் போடுங்கள். பாதிப் பேர் பார்த்துவிட்டுப் பேசாமல் இருந்துவிடுவார்கள். பொலிஸுக்குத் தமிழ்ப் பிள்ளைகள் வருவதில்லை என்று குறைப்படுகிறவர்களுக்கும் இதைத்தான் சொல்வேன். முறைப்பாட்டைத் தமிழில் எழுத ஆளில்லாத பொலிஸ் நிலையத்தில் நின்று பார்த்தவர்களுக்கு அந்தக் குறை விளங்கும்.

தம்பியை மனித உரிமைகள் ஆணைக்குழுவின் யாழ்ப்பாண அலுவலகத்துக்குப் போகச் சொன்னேன். ஒரு மாதத்துக்குள் அங்கே முறையிட்டால், விசாரணை நடக்கும் காலத்தை அந்த ஒரு மாதக் கணக்கில் சேர்க்காமல் விட 1996ஆம் ஆண்டு 21ஆம் இலக்கச் சட்டத்தில் இடமிருக்கிறது. முறைப்பாட்டைக் கொடுத்துவிட்டு வீட்டில் இருந்தால் போதாது, விசாரணை நடக்கிறது என்று காட்ட வேண்டும்.

இன்றைக்கு இருபத்துநான்காவது நாள். போனானோ தெரியாது, பின்னேரம் கேட்க வேண்டும்.