டாமினேட்டர் பழுதாகவில்லை

ஜப்பானிய அனிமே தொடர் ‘சைக்கோ-பாஸ்’ முதல் சீசன், 11ஆவது எபிசோட்: போலீஸ் அதிகாரி அகானேவின் டாமினேட்டர் துப்பாக்கி பழுதானதால்தான் கொலைகாரன் மக்கிஷிமா தப்பினான் என்று ஒரு விளக்கம் சுற்றுகிறது. தவறு. துப்பாக்கி சரியாகத்தான் வேலை செய்தது, சிக்கலே அதுதான்.

டாமினேட்டர் சுடுவதற்கு முன் எதிரே நிற்பவரின் குற்றக் குணகத்தை, அதாவது அவர் குற்றம் செய்யும் வாய்ப்பைக் காட்டும் எண்ணை, மக்களின் மனநிலையை அளக்கும் சிபில் அமைப்பிடம் கேட்கும். 100க்குக் கீழ் என்றால் விசை பூட்டிக்கொள்ளும். 100 முதல் 299 வரை மயக்கும். 300ஐ எட்டினால் கொல்லும். மக்கிஷிமா அகானேவின் தோழி யுகியின் கழுத்தில் சவரக்கத்தியை வைத்திருக்கும் நேரத்தில் அவனுடைய எண் ஏறவில்லை, இறங்குகிறது. கொலை அவன் மனதைக் கலக்குவதில்லை. அமைப்பு அளப்பதோ செயலை அல்ல, மனநிலையை. இப்படிப்பட்டவர்கள் அரிதாக உண்டு என்பதைப் பிந்தைய எபிசோடுகள் வெளிப்படையாகவே சொல்கின்றன.

‘அகானே கோழை, விசையை அழுத்தவில்லை’ என்பதும் அரைகுறைப் பேச்சு. பூட்டிய விசையை யார் அழுத்தினாலும் பயனில்லை. அவள் தடுமாறுவது மக்கிஷிமா அவளிடம் எறிந்த வேட்டைத் துப்பாக்கியில். அதற்கு எந்த எண்ணும் வேண்டாம், விரல் போதும். இரண்டு துப்பாக்கிகளையும் குழப்பிக்கொண்டால் அந்தக் காட்சியே புரியாது.