கல்லணைக்குக் கீழே ஓடும் தண்ணீருக்கும் கணக்கு வேண்டும்

ஜூன் பிறந்துவிட்டால், மேட்டூரின் நீர்மட்டம் எத்தனை அடி, நீர்வரத்து வினாடிக்கு எத்தனை கன அடி, வெளியேற்றம் எவ்வளவு, இருப்பு எத்தனை டி.எம்.சி. (ஒரு டி.எம்.சி. நூறு கோடி கன அடி) என்ற நான்கு எண்களையும் காவிரி டெல்டாவின் எந்தத் தேநீர்க் கடையில் கேட்டாலும் சொல்லிவிடுவார்கள். கர்நாடகத்தின் கிருஷ்ணராஜசாகர், கபினி அணைகள் எவ்வளவு நிரம்பியிருக்கின்றன என்பதும், மாநில எல்லையில் இருக்கும் பிலிகுண்டுலுவை எவ்வளவு தண்ணீர் கடந்தது என்பதும் கூடத் தெரிந்திருக்கும். கல்லணை திறந்த மறுநாள் காவிரி, வெண்ணாறு, கல்லணைக் கால்வாய், கொள்ளிடம் ஆகிய நான்கிலும் விடப்பட்ட அளவு செய்தித்தாளில் வந்துவிடும். அதோடு எண்கள் நின்றுவிடுகின்றன. அதற்குக் கீழே, தண்ணீர் உண்மையில் வயலுக்குப் பாயும் பகுதியில், எந்த ஆற்றின் எந்தத் தலைப்பில், அதாவது தண்ணீரைப் பிரித்துவிடும் இடத்தில், எவ்வளவு ஓடுகிறது என்பது சாகுபடி செய்பவரின் கண்ணுக்கு எட்டுவதில்லை. "தண்ணி வந்துருச்சு", "இன்னும் வரல" என்ற இரண்டு வாக்கியங்கள்தான் பாசனத்தின் கடைசி முனையான கடைமடையின் நீர்க்கணக்கு. இந்த நிலை மாறியே தீர வேண்டும் என்று நான் உறுதியாகக் கருதுகிறேன்.

பிலிகுண்டுலுவில் நாம் எவ்வளவு கறாராக இருக்கிறோம் என்பதைப் பாருங்கள். மத்திய நீர் ஆணையத்தின் அளவீட்டு நிலையம் அங்கே இருக்கிறது. ஆற்றின் குறுக்கே பல இடங்களில் ஆழம் பார்த்து, நீரோட்டமானியை இறக்கி வேகம் பார்த்து, குறுக்குவெட்டுப் பரப்பையும் வேகத்தையும் பெருக்கி, வினாடிக்கு எவ்வளவு போகிறது என்று கணக்கிடுகிறார்கள். 2018 பிப்ரவரி 16-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் தந்த தீர்ப்பின்படி ஆண்டுக்கு 177.25 டி.எம்.சி. நமக்கு அங்கே வந்து சேர வேண்டும், ஜூனில் 9.19, ஜூலையில் 31.24, ஆகஸ்டில் 45.95 என்று மாதவாரியாக அட்டவணை இருக்கிறது. காவிரி நீர் மேலாண்மை ஆணையத்தில் நடக்கும் வாதம் அனைத்தும் இந்த ஒரு நிலையத்தின் பதிவைப் பிடித்துக்கொண்டுதான் நடக்கிறது. அந்தப் பதிவு இல்லாவிட்டால் நம் உரிமைக்கு ஆதாரமே இல்லை.

அதே தீர்ப்பில் இன்னொரு பாடமும் இருந்தது. 2007-இல் காவிரி நடுவர் மன்றம் நிர்ணயித்த 192 டி.எம்.சி.யிலிருந்து 14.75 டி.எம்.சி. குறைக்கப்பட்டபோது, அதற்குச் சொல்லப்பட்ட காரணங்களில் ஒன்று டெல்டாவின் நிலத்தடி நீர். அதில் 10 டி.எம்.சி.யைக் கணக்கில் எடுத்துக்கொள்ளலாம் என்றது நீதிமன்றம். கடலோரப் பகுதிகளில் ஆழ்துளைக் கிணறு போட்டால் உப்புத் தண்ணீர் வருவதை நாகப்பட்டினத்துக்காரர் எவரும் அறிவார். ஆனால் அறிந்திருப்பது வேறு, எத்தனை அடியில் என்ன நீர் இருக்கிறது, ஆறு ஓடும் மாதத்தில் எவ்வளவு ஊறுகிறது, ஓடாத மாதத்தில் எவ்வளவு இறங்குகிறது என்று ஊர்வாரியாக, ஆண்டுக்கணக்கில் எழுதி வைத்திருப்பது வேறு. அடுத்த முறை இந்த வழக்கு எந்த வடிவில் வந்தாலும் எழுதி வைத்தவர் பேச்சுதான் எடுபடும்.

உள்ளே என்ன நடக்கிறது என்பதற்கு நீடாமங்கலம் அருகே உள்ள மூணாறு தலைப்பையே எடுத்துக்கொள்ளலாம். வெண்ணாற்றிலிருந்து கோரையாறும் பாமணியாறும் அங்கேதான் பிரிகின்றன. மன்னார்குடி, திருத்துறைப்பூண்டி, முத்துப்பேட்டை என்று கீழே இருக்கும் ஊர்களின் சாகுபடி அந்தக் கதவுகள் எவ்வளவு தூக்கப்படுகின்றன என்பதைப் பொறுத்தது. டெல்டா முழுவதும் இப்படிப்பட்ட ஒழுங்கிகளில், நாங்கள் சட்ரஸ் என்று சொல்லும் இடங்களில், சுவரில் அடிக்கணக்கு எழுதிய அளவுகோல் இருக்கும். மதகைப் பார்த்துக்கொள்ளும் பணியாளரான லஸ்கர் காலையில் அதைப் பார்த்து மேலே சொல்வார். அளவுகோல் காட்டுவது நீரின் உயரத்தை மட்டுமே. ஓடும் அளவை அல்ல. கதவுக்குக் கீழே அரை மைலுக்கு ஆகாயத்தாமரையும் நெய்வேலிக் காட்டாமணக்கும் அடைத்துக்கொண்டால் தண்ணீர் போக வழியில்லாமல் எதிர்த்து நிற்கும். அப்போது அளவுகோலில் உயரம் கூடியிருக்கும், ஓட்டம் குறைந்திருக்கும். உயரத்தை மட்டும் நம்பினால் ஆறு நிரம்பிப் போவதாகக் கணக்கில் ஏறும். பத்து கிலோமீட்டர் தள்ளி நாற்றங்கால் வெடித்துக் கிடக்கும். மணல் அள்ளிப் பள்ளமான ஆற்றிலும், வண்டல் படிந்து மேடான வாய்க்காலிலும் இதே சிக்கல் வேறு வேறு விதத்தில் வரும். ஆற்றின் படுகை மாறினால் உயரத்துக்கும் ஓட்டத்துக்கும் உள்ள தொடர்பும் மாறிவிடும். அதை மறுபடி அளந்து திருத்தாத வரை பழைய அட்டவணையால் பயனில்லை. அளவெடுப்பவரின் குறையாக இதைச் சொல்லவில்லை. அவர் கையில் நாம் கொடுத்திருக்கும் கருவி அவ்வளவுதான்.

2018-ஐ நினைத்துப் பாருங்கள். அந்த ஆகஸ்டில் முக்கொம்பில் கொள்ளிடம் அணையின் மதகுகள் உடைந்தன. கொள்ளிடத்தில் ஒரு லட்சம் கன அடிக்கு மேல் கடலுக்குப் போய்க்கொண்டிருந்த அதே நாட்களில் கடைமடைப் பகுதிகள் பலவற்றில் தண்ணீர் வரவில்லை என்று உழவர்கள் முறையிட்டார்கள். வினாடிக்கு ஒரு லட்சம் கன அடி வீதம் ஒரு நாள் முழுவதும் ஓடினால் 8.64 டி.எம்.சி.; ஜூன் மாதம் முழுவதற்கும் பிலிகுண்டுலுவில் நமக்குரிய பங்கே 9.19 தான். வெள்ளத்தை அப்படியே வாய்க்காலில் திருப்ப முடியாது என்பது எனக்குத் தெரியும். கொள்ளிடம் வெள்ள வடிகால், அந்த வேலையை அது செய்தது. நான் கேட்பது வேறு. பாசன ஆறுகள் தம் முழுக் கொள்ளளவுக்கு அன்று ஓடினவா, ஓடவில்லையென்றால் எந்த இடத்தில் தடைப்பட்டது என்பதற்கு ஊரறிந்த பதிவு எதுவும் நம்மிடம் இல்லை. 2023-இலும் அப்படித்தான். ஜூன் 12-இல் திறந்த மேட்டூர் அக்டோபர் 10-இல் மூடப்பட்டது, குறுவை பல இடங்களில் கருகியது. கர்நாடகம் தர வேண்டியதைத் தராததுதான் முதற்காரணம், அதில் எனக்கு ஐயமில்லை. இருந்தும், வந்த குறைந்த நீர் தலைமடைக்கும் கடைமடைக்கும் எப்படிப் பங்காயிற்று என்று ஒருவர் கேட்டால் காட்டுவதற்குக் காகிதம் வேண்டுமல்லவா?

இந்த எண்களை வெளியிட்டால் ஊருக்கு ஊர் சண்டை வரும் என்று சிலர் அஞ்சுகிறார்கள். சண்டை இப்போதும் இருக்கிறது. ஊர்களுக்கு முறை வைத்துத் தண்ணீர் விடும்போதெல்லாம் இரவில் மதகை யார் இறக்கினார்கள், யார் தூக்கினார்கள் என்ற சந்தேகம் எழாத ஊர் கிடையாது. அளவு தெரியாதபோதுதான் அந்தச் சந்தேகம் பக்கத்து ஊர்க்காரர் மீது விழுகிறது. செலவு அதிகம் என்ற வாதத்தையும் நான் ஏற்கவில்லை. ஆசிய வளர்ச்சி வங்கியின் கடனுதவியோடு வெண்ணாற்று வடிநிலத்தில் ஆறுகளைத் தூர்வாரி, கரைகளைப் பலப்படுத்தி, ஒழுங்கிகளைச் சீரமைக்க நம்மால் முடிந்திருக்கிறது. நீர்மட்டத்தை ராடாரால் தொடர்ந்து பதியும் கருவிகள் அந்தச் செலவோடு ஒப்பிட்டால் பெரிதல்ல. கருவியை மாட்டிவிட்டு மறந்துவிடக் கூடாது என்பதுதான் முக்கியம்; பருவத்தில் சில முறையாவது ஆள் இறங்கி நீரோட்டமானி பிடித்துச் சரிபார்க்க வேண்டும். பல ஆண்டுகளாக நிரப்பப்படாத லஸ்கர் பணியிடங்களை நிரப்பாமல் இது நடக்காது.

எல்லா வாய்க்காலையும் ஒரே ஆண்டில் அளக்கச் சொல்லவில்லை. கல்லணைக்குக் கீழே ஆறுகள் கிளை பிரியும் தலைப்புகளிலும், கடலுக்கு முன்னால் இருக்கும் கடைசி ஒழுங்கிகளிலும் முதலில் தொடங்கலாம். மேலே விட்டது எவ்வளவு, கடைசியில் வந்தது எவ்வளவு என்ற இரண்டும் கிடைத்துவிட்டால் இடையில் போனதை ஓரளவு கணக்கிட முடியும். அந்த எண்கள் இணையத்தில் மட்டும் கிடந்தால் போதாது. தலைஞாயிறில் சம்பாவுக்கு விதை விடப் போகும் ஒருவர் தன் ஊராட்சி அலுவலகப் பலகையில் அன்று காலைக் கணக்கைத் தமிழில், கன அடியில், பார்க்க முடிய வேண்டும். மாவட்ட விவசாயிகள் குறைதீர் கூட்டத்தில் மாதாமாதம் அந்தப் பட்டியல் வைக்கப்பட வேண்டும். மேட்டூர் திறப்புக்கு வழக்கமான நாளான ஜூன் 12 அடுத்து வருவதற்கு முன்பே மூணாறு தலைப்பில் இதைத் தொடங்க வேண்டும் என்று நம் பகுதியின் பாசனச் சங்கங்கள் தீர்மானம் போட்டு அனுப்பலாம். எங்கள் சங்கத்தின் அடுத்த கூட்டத்தில் இதை முன்மொழியப் போகிறேன். மற்ற ஊர்க்காரர்களும் சேர்ந்தால் ஒரே வாசகத்தில் அனுப்புவோம்.