நரிக்குக் கொம்பு முளைக்காது, கழுதைப்புலி நாயாகாது

“ஊருக்குள் ஓநாய் புகுந்துவிட்டது, குழந்தைகளை வெளியே விடாதீர்கள்.” மங்கலான ஒரு வீடியோ, அதன் மேல் சிவப்பு எழுத்தில் இந்த எச்சரிக்கை. சொந்தக்காரர்கள் குழு, தெருக்காரர்கள் குழு, பள்ளிக்கூடப் பெற்றோர் குழு என்று ஒன்று விடாமல் வந்து சேர்ந்தது. வீடியோவில் ஓடுவது நரி. கண்மாய்க்கரைக் கருவேலங்காட்டில் பொழுது சாய்ந்தால் ஊளையிடுமே, அதே நரி. ஓநாய் ஏறக்குறைய இருபது கிலோ இருக்கும், கால்கள் நெடுநெடுவென்று இருக்கும். நரி எட்டு, பத்து கிலோவைத் தாண்டுவது அரிது. அதற்குக் குறுகிய மூஞ்சி, கட்டையான வால், வால் நுனியில் கறுப்பு. இத்தனையும் அந்த மங்கலான வீடியோவிலேயே தெரிகிறது. பார்க்க வேண்டும் என்று நினைத்தால்தானே தெரியும்? பார்த்தவர்கள் எல்லாரும் அடுத்த குழுவுக்கு அனுப்பினார்கள், அவ்வளவுதான். மறுநாள் காலையில் பையன்கள் கம்பும் கல்லுமாகக் கருவேலங்காட்டுக்குள் இறங்கிவிட்டார்கள்.

வெறிநோய் பிடித்த நரி கடிக்கும், அதை நான் மறுக்கவில்லை. நரி தள்ளாடினால், பகலில் ஆள்மேல் பாய்ந்தால், வனத்துறைக்குச் சொல்ல வேண்டும். அந்த வீடியோவில் இருந்த நரியோ மனிதர்களைப் பார்த்ததும் வாலை இடுக்கிக்கொண்டு வேலியோரமாக ஓடுகிறது. அதைப் போய் ஊரே சேர்ந்து துரத்துகிறது.

குழுவில் விளக்கம் எழுதிப் போட்டேன். மாமா ஒருவர் உடனே, “மாப்ள, ஓநாயோ நரியோ, எல்லாம் நாய் ஜாதிதானே, விடு” என்றார். இந்த “எல்லாம் ஒண்ணுதானே” இருக்கிறதே, அதைக் கேட்டாலே எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. மாட்டில் காங்கேயம் எது, புலிக்குளம் எது என்று தூரத்திலிருந்தே திமிலைப் பார்த்துச் சொல்கிற ஊர் இது. அப்படிப்பட்டவர்களுக்கு நரியையும் ஓநாயையும் பிரித்துப் பார்க்க முடியாதா? மனசு இல்லை, அதுதான் விஷயம்.

ஒன்றில்லை மாமா. நாய்க்குடும்பத்தில் இன்றைக்கு உயிரோடு இருப்பவை ஏறத்தாழ 35 இனங்கள். ஓநாய், நம் ஊர் நரி, வீட்டு நாய் மூன்றும் கேனிஸ் என்ற ஒரே பேரினத்தில், அதாவது நெருங்கிய இனங்களின் ஒரே கூட்டத்தில், அடங்கும். மூன்றுக்கும் குரோமோசோம் 78. செந்நாய்க்கும் 78தான், ஆனாலும் அது தனிப் பேரினம், அந்தப் பேரினத்தில் அது ஒன்றே ஒன்றுதான் மிச்சம். பொட்டல்காட்டில் வளை தோண்டி வாழ்கிற சின்னக் குள்ளநரி இருக்கிறதே, இரண்டு மூன்று கிலோதான் தேறும், அது வல்பெஸ் என்ற இன்னொரு கிளை. அதன் கண்ணை வெளிச்சத்தில் பார்த்தால் கண்மணி பூனைக்கு இருப்பதுபோல் செங்குத்துக் கோடாக இருக்கும். நரிக்கும் நாய்க்கும் ஓநாய்க்கும் அது வட்டம். இந்தக் கிளைகள் பிரிந்து ஏறத்தாழ ஒரு கோடி ஆண்டுகள் ஆகின்றன. இந்தக் குடும்பமே சுமார் நாலு கோடி ஆண்டுகளுக்கு முன்னால் வட அமெரிக்காவில் தோன்றி, அங்கேயே வெகுகாலம் இருந்துவிட்டுப் பிற்பாடுதான் ஆசியாவுக்குள் நடந்து வந்தது. இப்படி ஒரு வரலாறு உள்ள குடும்பத்தை “ஜாதிதானே, விடு” என்று ஒரே வார்த்தையில் தள்ளிவிட எப்படி மனசு வருகிறது?

இது போதாதென்று குடும்பத்தில் இல்லாததையும் உள்ளே இழுத்து வைக்கிறார்கள். கழுதைப்புலி வீடியோ வந்தால் “ஆப்பிரிக்காவின் கொடூர நாய்” என்று தலைப்பு. போட்டித்தேர்வுக்குப் படிக்கிற பிள்ளைகளுக்காக யாரோ தயாரித்த வினாவிடைத் தாளில்கூடக் கழுதைப்புலி நாய்க்குடும்பம் என்று அச்சாகியிருந்ததைப் பார்த்தேன். கழுதைப்புலி பூனைப் பக்கத்து விலங்கு. கீரியும் புனுகுப்பூனையும்தான் அதற்கு நெருங்கிய சொந்தம். ஊனுண்ணி வரிசை இரண்டு பெரிய கிளையாகப் பிரிகிறது. பூனை, கழுதைப்புலி, கீரி ஒரு பக்கம். நாய், கரடி, நீர்நாய், கடலில் இருக்கிற சீல் எல்லாம் மறுபக்கம். நாய்க்குக் கழுதைப்புலியைவிடக் கரடிதான் கிட்டத்து உறவு.

1758இல், உயிரினங்களுக்கு அறிவியல் பெயர் வைத்து வகைப்படுத்திய லின்னேயஸ் வரிக்கழுதைப்புலிக்குக் கேனிஸ் ஹயேனா என்று பெயர் வைத்து நாயோடு சேர்த்தார் என்பது உண்மை. நரியையும் குள்ளநரி வகையையும்கூட அவர் அதே பெயருக்குள்தான் போட்டார். மரபணுவும் இல்லை, புதைபடிவ ஆராய்ச்சியும் இல்லாத காலம் அது. அடுத்து வந்தவர்கள் நான்கே ஆண்டுகளில், 1762இலேயே, கழுதைப்புலியைத் தனிப் பேரினமாகப் பிரித்துவிட்டார்கள். இரண்டரை நூற்றாண்டுக்கு முன்னால் திருத்தப்பட்ட தவறை இன்றைக்குப் புதுசாக அச்சடித்துப் பிள்ளைகளை மனப்பாடம் செய்யச் சொல்கிறோம். கோபம் வராமல் என்ன செய்யும்?

வெளித்தோற்றத்தைப் பார்த்தே பிரித்துவிடலாம். கழுதைப்புலிக்கு முன்னங்கால் நீளம், பின்பக்கம் தாழ்ந்து சரிந்திருக்கும். நாலு காலிலும் நாலு விரல்தான். நாய்க்குடும்பத்தில் முன்னங்காலில் ஐந்து, உட்பக்கம் சற்று மேலே ஒட்டிக்கொண்டிருக்கும் அந்தப் பெருவிரல் நகத்தையும் சேர்த்து. ஆப்பிரிக்கக் காட்டுநாய்க்கு மட்டும் அந்த ஐந்தாவது இல்லை. நெடுந்தூரம் ஓடுவதாலும் எலும்பைக் கடித்து நொறுக்குவதாலும் நாயும் கழுதைப்புலியும் மேலோட்டமாக ஒரே வார்ப்பில் வந்திருக்கின்றன, உறவால் இல்லை. எலும்பு நொறுக்கும் நாய்களே ஒரு காலத்தில் வட அமெரிக்காவில் இருந்து, பிறகு பூண்டோடு அழிந்துபோயின. மாயாற்றுப் பள்ளத்தாக்கில் இன்றும் வரிக்கழுதைப்புலி இருக்கிறது. நம் மாநிலத்திலேயே வாழ்கிற ஒரு விலங்கை ஆப்பிரிக்கா என்று சொல்லி, நாய் என்று சொல்லி, கொடூரம் என்று சொல்லி முடித்துவிடுகிறார்கள்.

குழந்தைகள் புத்தகத்தைப் பற்றி அதிகம் பேச விரும்பவில்லை. நரி, திராட்சை, காக்கா, வடை என்று எந்தக் கதையைத் திறந்தாலும் ஆரஞ்சு நிறத்தில், வால் நுனி வெள்ளையாக ஓர் ஐரோப்பிய விலங்கு நிற்கிறது. அந்தச் சிவப்பு நரியை இந்தியாவில் பார்க்க வேண்டுமென்றால் இமயமலைக்கோ ராஜஸ்தானுக்கோ போக வேண்டும். நம் கண்மாய் நரியின் மண்ணும் பொன்னும் கலந்த நிறத்தை ஒரு தமிழ்ப் பிள்ளைக்குப் புத்தகப் பக்கத்தில் காட்டினால் என்ன குறைந்துவிடும்?

சரி, இதையெல்லாம்கூட அறியாமை என்று பொறுத்துக்கொள்ளலாம். பொறுக்கவே முடியாதது நரிக்கொம்பு.

பேருந்து நிலைய ஓரத்தில், திருவிழாக் கடைகளில், இப்போது இணையத்திலும் விற்கிறார்கள். ஒரு சின்ன டப்பா, உள்ளே குங்குமம், நடுவில் முடி அடர்ந்த ஒரு கட்டி. பூஜை அறையில் வைத்தால் பணம் பெருகுமாம், கோர்ட்டில் வழக்கு ஜெயிக்குமாம், பிரிந்த மனைவி திரும்பி வருவாளாம். வாங்குகிறவர்கள் யார்? படிக்காதவர்கள் என்று சொல்லித் தப்பிக்க முடியாது. பட்டம் வாங்கியவர்கள், கடை வைத்திருப்பவர்கள், சம்பளத்தில் பிடித்தம் போக மீதியைக் கணக்குப் பார்த்துச் செலவு செய்கிறவர்கள் ஆயிரக்கணக்கில் கொடுத்து வாங்குகிறார்கள்.

நரிக்குக் கொம்பு கிடையாது. கிடையவே கிடையாது. நாய்க்குடும்பத்தின் 35 இனங்களில் ஒன்றுக்கும் கிடையாது. இன்று வாழும் ஊனுண்ணி வரிசை முழுவதையும் தேடினாலும் கொம்புள்ள விலங்கு ஒன்றைக் காட்ட முடியாது. கொம்பு ஆடு மாடுகளுக்கும் மான்களுக்கும் உரியது. மாட்டுக்கொம்பின் உள்ளே எலும்பு, அதன்மேல் நகத்தின் பொருளாலான உறை. மானுக்கு எலும்பே கிளைவிட்டு வளர்ந்து உதிரும். இரை பிடித்துத் தின்கிற விலங்குக்கு ஆயுதம் வாய்க்குள் இருக்கிறது. கோரைப்பல்லால் பிடிக்கும், பக்கத்தில் கத்தரிக்கோல்போல் ஒன்றையொன்று உரசுகிற பல்லால் வெட்டும். அதற்கும் பின்னால் அரைக்கிற கடைவாய்ப்பல் உண்டு. அதனால்தான் நரி எலியும் தின்னும், இலந்தைப்பழமும் தின்னும், செத்த மாட்டையும் சுத்தம் செய்யும். இப்படி 42 பல் வைத்திருக்கிற விலங்கின் தலையில் கொம்பு எதற்கு முளைக்க வேண்டும்?

விற்கிறவனுக்கு இது நன்றாகவே தெரியும். எலும்பையும் தோலையும் முடியையும் ஒட்டி அவன்தான் செய்கிறான். நரியைக் கொன்று எடுத்தது என்று சொன்னால்தான் விலை ஏறும் என்பதால் நரியையும் கொல்கிறார்கள். கொல்கிறவனைப் பிடித்துத் தண்டிக்க 1972ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் இருக்கிறது. ஆனால் டப்பாவைப் பூஜை அறையில் வைத்திருக்கும் வீட்டுக்காரர், தான் ஒரு பாவமும் அறியாதவர் என்று நினைத்துக்கொண்டிருக்கிறார். நீங்கள் காசு கொடுக்காவிட்டால் அவன் வலை விரிப்பானா, ஐயா?

நரி முகத்தில் முழித்தால் நல்லது என்ற நம்பிக்கையும் இதே கதைதான். சேலம் மாவட்டம் வாழப்பாடிப் பக்கத்துக் கிராமங்களில் பொங்கலையொட்டி வங்காநரி என்று ஒன்று நடத்துவார்கள். காட்டில் நரியை வலைபோட்டுப் பிடித்து, கயிறு கட்டி, மேளதாளத்தோடு ஊருக்குள் சுற்றிவந்து, பிறகு கொண்டுபோய் விட்டுவிடுவார்கள். வனத்துறை தடை விதித்து அபராதமும் போட்டிருக்கிறது. “நாங்கள் கொல்லவில்லையே” என்பதுதான் கிடைக்கிற பதில். இரவில் தனியாக இரைதேடுகிற, மனிதவாடை பட்டாலே ஒதுங்குகிற ஒரு விலங்கைப் பட்டப்பகலில் ஆயிரம் பேர் கூச்சலுக்கு நடுவே கட்டி இழுத்தால் அதற்கு என்ன ஆகும் என்று ஒரு நிமிடம் நினைத்துப் பாருங்கள். அதன் முகத்தில் முழிக்க ஆசையா? விடியுமுன் எழுந்து கண்மாய்க்கரையில் சத்தமில்லாமல் உட்காருங்கள். அதுவே வரும்.

செந்நாய்க்கு நாம் செய்தது இதைவிட மோசம். “இரத்தவெறி பிடித்தது, உயிரோடே கிழித்துத் தின்னும்” என்று இன்றைக்கும் சொல்கிறார்கள். வெள்ளைக்காரன் காலத்தில் செந்நாயைக் கொன்று கொண்டுவந்து காட்டினால் பரிசுப்பணம் கொடுத்தார்கள். சுதந்திரத்துக்குப் பிறகும் அது தொடர்ந்து, 1972இல் சட்டம் வந்த பிறகுதான் நின்றது. சிறுத்தையைப்போல் கழுத்தைக் கவ்வி இறுக்கிக் கொல்ல அதன் உடம்பு போதாது. பதினைந்து கிலோ விலங்கு தன்னைவிடப் பல மடங்கு பெரிய மானை வீழ்த்த வேண்டுமென்றால் கூட்டமாக ஓடித்தான் கடிக்க முடியும். இறைச்சியை வெட்டுவதற்கென்றே அதன் பல்வரிசை மாறியிருக்கிறது. கீழ்த்தாடையில் பக்கத்துக்கு ஒரு கடைவாய்ப்பல் குறைந்து மொத்தம் 40 பல். அது குரைக்காது, சீழ்க்கை அடித்துக் காட்டுக்குள் ஒன்றையொன்று கூப்பிடும். இரை விழுந்ததும் குட்டிகளை முதலில் தின்ன விடும். குகையில் இருக்கும் குட்டிகளுக்கும் தாய்க்கும் வயிற்றில் சுமந்துவந்து கக்கிக் கொடுக்கும். நாங்குநேரியில் பிறந்த காட்டுயிர் ஆய்வாளர் ஏ.ஜே.டி. ஜான்சிங் 1970களில் பந்திப்பூர்க் காட்டில் கால்நடையாகவே செந்நாய்களைப் பின்தொடர்ந்து அவற்றின் வாழ்க்கையைப் பதிவு செய்தார். நம் மண்ணின் ஆள் ஒருவர் இத்தனை பாடுபட்டுக் கண்டுபிடித்துச் சொல்லி ஐம்பது ஆண்டு ஆகப்போகிறது. இன்னும் “இரத்தவெறி” என்றே பேசுகிறோம். உலகம் முழுவதும் சேர்த்து இனப்பெருக்கம் செய்யும் வயதில் சில ஆயிரம் செந்நாய்கள்கூடத் தேறாது. அதில் ஒரு பங்கு முதுமலையிலும் ஆனைமலையிலும் நம்மை நம்பி இருக்கிறது.

அப்புறம், “ஓநாய் கலப்பு” என்று சொல்லி நாய்க்குட்டி விற்கும் வியாபாரம். கொம்பை நாய்க்குள் ஓநாய் இரத்தம், சிப்பிப்பாறை நாய்க்குள் செந்நாய் இரத்தம் என்று அளந்துவிடுகிறார்கள். ராஜபாளையம், கன்னி, கொம்பை, சிப்பிப்பாறை எல்லாம் வீட்டு நாய் என்ற ஒரே விலங்கின் வகைகள், நம் ஆட்கள் தலைமுறை தலைமுறையாகத் தேர்ந்தெடுத்து வளர்த்தவை. அந்த உழைப்பைப் பெருமையாகச் சொல்லாமல் காட்டு விலங்கின் பெயரைக் கடன் வாங்கி விலையேற்றுகிறார்கள். நாய் எல்லாமே ஆதியில் ஓநாயிலிருந்து வந்ததுதான். செந்நாயோ வேறு பேரினம், நாயோடு சேர்ந்து குட்டி போட்டது என்பதெல்லாம் விற்பனைப் பேச்சு.

இதில் எனக்கு மிகவும் வலிப்பது, இப்போது கண்மாய்க்கரையில் நரிக்குப் பெரிய எதிரி அதன் சொந்தக்கார விலங்கே. வேண்டாத நாய்க்குட்டிகளைச் சாக்கில் கட்டிவந்து கரையோரம் விட்டுவிட்டுப் போகிறார்கள். கொல்ல மனசு வரவில்லை, அதனால் விட்டுவிட்டோம் என்று நிம்மதியாகத் தூங்குகிறார்கள். குட்டிகளில் பாதி பசியில் சாகும். மிச்சம் வளர்ந்து கூட்டமாகச் சுற்றி, நரிக்குட்டிகளை வளையில் புகுந்து கடித்துக் குதறும். நெருங்கிய உறவு என்பதால் நாயின் நோய் நரிக்குத் தாராளமாகத் தொற்றும். வெறிநோய், டிஸ்டெம்பர் என்ற வைரஸ் நோய் இரண்டும் ஒரு கரையிலிருந்து அடுத்த கரைக்கு அப்படியே பரவும். குட்டி வேண்டாமென்றால் கால்நடை மருத்துவமனையில் தாய்க்குக் கருத்தடை செய்யுங்கள், வீட்டு நாய்க்குத் தடுப்பூசி போடுங்கள். அந்தச் சாக்கை மட்டும் கரைக்குக் கொண்டுவராதீர்கள்.