அது தற்செயலா?
சுவிட்சர்லாந்தின் அரசியல்வாதி ரூத் டிரைஃபுஸ் 1993இல் அந்நாட்டு அமைச்சரவைக்குள் வந்தது "தற்செயல்" என்று அவரைப் பற்றிய கட்டுரை சொல்வதை ஏற்க முடியவில்லை. அந்த ஆண்டு மார்ச் 3 அன்று சமூக ஜனநாயகக் கட்சி அமைச்சர் பதவிக்கு நிறுத்தியது கிறிஸ்டியான் புரூன்னர் என்ற பெண்மணியை. நாடாளுமன்றம் அவரை ஒதுக்கிவிட்டு அதே கட்சியின் பிரான்சிஸ் மத்தே என்ற ஆணைத் தேர்ந்தெடுத்தது. பெண்கள் கொதித்துப்போய் வீதிக்கு வந்தார்கள். ஒரே வாரத்தில் மத்தே பதவியே வேண்டாம் என்று ஒதுங்கினார். மார்ச் 10 அன்று புரூன்னரும் டிரைஃபுஸும் ஒரே மாதிரி சூரிய வடிவ ஊசியை உடையில் குத்திக்கொண்டு நின்றார்கள்; நாடாளுமன்றம் டிரைஃபுஸைத் தேர்ந்தெடுத்தது. இதில் தற்செயல் எங்கே இருக்கிறது? 1991 ஜூன் 14இல் லட்சக்கணக்கான பெண்கள் நடத்திய வேலைநிறுத்தத்தின் தொடர்ச்சி அது. டிரைஃபுஸும் திடீரென்று முளைத்தவர் அல்ல. 1981 முதல் தொழிற்சங்கக் கூட்டமைப்பின் செயலாளராக இருந்து சமூகக் காப்பீட்டைக் கரைத்துக் குடித்தவர். கட்டுரைக்குக் கருத்து எழுதிய ஒரு நண்பர், மகப்பேறு காப்பீட்டில் (பிரசவ விடுப்பில் தாய்க்கு ஊதியம் தரும் திட்டத்தில்) அவர் தோற்றார் என்கிறார். சரி, 1999 ஜூன் வாக்கெடுப்பில் மக்கள் அதை நிராகரித்தது உண்மைதான். அப்போது அவர்தான் நாட்டின் முதல் பெண் ஜனாதிபதி, அடி பலமாகவே விழுந்தது. ஆனால் அவர் மூட்டிய விவாதம் அணையவில்லை. 2004இல் வேறொரு வடிவத்தில் மக்களே ஒப்புதல் தந்தார்கள்; 2005 ஜூலை முதல் வேலைக்குப் போகும் தாய்மார்களுக்குப் பதினான்கு வாரம், 80 சதவீத ஊதியம் கிடைத்துவருகிறது.