குஸ்கோ சந்தையில் அந்த அம்மா பேசியது தப்பான ஸ்பானிஷ் இல்லை

அந்த ரீலை இனி யாரும் எனக்கு அனுப்ப வேண்டாம். பார்த்துவிட்டேன். "ஸ்பானிஷ் உங்க சப்ஜெக்ட் ஆச்சே, செம காமெடி" என்று அனுப்பியவர்களுக்கு நன்றி. சிரிப்பு வரவில்லை, மன்னிக்கவும்.

பெரு நாட்டின் மலை நகரமான குஸ்கோவில் உருளைக்கிழங்கு விற்கிற அம்மா. அவர் "மேசா" என்று சொல்லவேண்டிய இடத்தில் "மீசா" என்கிறார். ரீல் போட்ட நம்ம ஆள் அதையே நாலு தடவை ஓட்டிக் காட்டி, "இவங்களுக்கே ஸ்பானிஷ் வரல, ஆப்புல மூணு மாசம் படிச்ச நானே தேவல" என்கிறார். மேசா என்றால் மேசை, மீசா என்றால் சர்ச்சில் நடக்கும் பூசை. அதனால் பயங்கர ஜோக்காம். கடைசியில் "வீட்ல கெச்சுவானு ஏதோ டயலெக்ட் பேசுவாங்களாம்" என்று பொது அறிவு வேறு.

முதலில் அந்த டயலெக்ட். பெருவில் பழங்குடி மொழிகள் என்று அரசே அங்கீகரித்தவை 48. அமேசான் காட்டுப் பகுதியில் 44, ஆண்டீஸ் மலையில் 4. அந்த நாலில் ஒன்று கெச்சுவா. 2017 கணக்கெடுப்பின்படி அதைத் தாய்மொழியாகச் சொன்னவர்கள் ஏறக்குறைய 37 லட்சம் பேர், நாட்டில் சுமார் 14 சதவீதம். அது ஸ்பானிஷின் வட்டார வழக்கு இல்லை, ஸ்பானிஷுக்கு ஒட்டும் இல்லை உறவும் இல்லை. அதற்கே தனியாக வட்டார வழக்குகள் உண்டு. குஸ்கோக்காரரும் இன்னொரு மலைப்பகுதியான ஆங்காஷ்காரரும் ஆளுக்கொரு கெச்சுவா பேசினால் ஒருவருக்கொருவர் புரிவதே கஷ்டம். ஆக, பெருவில் ஸ்பானிஷின் "டயலெக்ட்" என்று எதையாவது சொல்லியே ஆகவேண்டும் என்றால் தலைநகர் லிமாவின் ஸ்பானிஷைச் சொல்லுங்கள், குஸ்கோ ஸ்பானிஷைச் சொல்லுங்கள், அமேசான் பகுதி இகித்தோஸ் பக்கத்து ஸ்பானிஷைச் சொல்லுங்கள்.

இப்போது மீசா. கெச்சுவாவில் அர்த்தத்தை மாற்றும் உயிரொலிகள் மூன்றுதான்: அ, இ, உ. உள்நாக்குக்கிட்டே பிறக்கும் ஒரு 'க' உண்டு. அதன் பக்கத்தில் நின்றால் 'இ' என்பது 'எ' மாதிரி ஒலிக்கும். 'உ' என்பது 'ஒ' மாதிரி ஒலிக்கும். எ, ஒ ஒலிகள் வாயில் இருக்கின்றன, ஆனால் தனி எழுத்தாகக் காதில் பதியவில்லை. கம்பம் என்று சொல்லும்போது நம் 'ப' தானாக மாறி ஒலிப்பது போலத்தான். அப்படி வளர்ந்த காது 'மேசா, மீசா', 'பேசோ, பீசோ' ஜோடிகளைப் பிரிக்கத் திணறும். சில நேரம் பயத்தில் சரியாக இருந்த இ-யைக்கூட எ ஆக்கிவிடுவார்கள். காரணம் இவ்வளவுதான். ஒழுங்கான, முன்கூட்டியே சொல்லிவிடக்கூடிய காரணம். இதற்கு அங்கே "மொத்தோசோ" என்று ஒரு கேலிப் பெயர் உண்டு. நம்ம ஆளுக்கு அந்தப் பெயர் தெரியாது, அந்தக் கேலி மட்டும் தெரிந்திருக்கிறது.

அது தப்பு இல்லை. அதற்கு இலக்கணம் இருக்கிறது. திரும்பவும் சொல்கிறேன், இலக்கணம் இருக்கிறது.

மலை ஸ்பானிஷில் "தே மி மமா சு காசா" என்பார்கள். அப்படியே பிரித்தால் "என் அம்மாவோட, அவங்க வீடு". புத்தக ஸ்பானிஷில் அந்த "அவங்க" கூடாது. கெச்சுவாவில் "மமாய்பா வாசின்": அம்மாவிலும் ஒரு ஒட்டு, வீட்டிலும் ஒரு ஒட்டு, இரண்டும் கட்டாயம். அதைத்தான் ஸ்பானிஷ் சொற்களை வைத்துக் கட்டுகிறார்கள். விழுந்தவனிடம் "கே ஆசியெந்தோ தெ அஸ் கயீதோ" என்று கேட்பார்கள். மாட்ரிட் வாத்தியார் சிவப்பு மையால் சுழிப்பார். தமிழில் சொல்லிப் பாருங்கள்: "என்ன பண்ணி விழுந்தே?" நமக்கு உறுத்துகிறதா?

இன்னும் இருக்கிறது. கெச்சுவாவில் ஒரு செய்தியைச் சொன்னால், அது எப்படித் தெரியும் என்பதையும் ஒட்டாகச் சேர்க்கலாம். நேரில் அறிந்தால் 'மி', கேள்விப்பட்டால் 'சி', ஊகித்தால் 'ச்சா'. அதனால்தான் அங்கே ஸ்பானிஷ் வாக்கியக் கடைசியில் "தீசே" ('சொல்றான்') என்று ஒன்று வந்து நிற்கும். "லிமாவுக்குப் போய்ட்டான், தீசே." போய்ட்டானாம்! ஒரு 'ஆம்' போட்டு ஊர்ப்பேச்சையே தன் தலையிலிருந்து இறக்கிவைக்கத் தெரிந்த தமிழன், இதைக் கேட்டு "ஏன் சம்பந்தமில்லாம 'சொல்றான்'னு சேர்க்கிறாங்க" என்று சிரிப்பதை எங்கே போய்ச் சொல்வது? சூப்பை ஒரு வாய் குடித்துவிட்டு "ரீக்கோ அபீயா சீதோ" என்பார்கள். பாடப்புத்தகக் கணக்கில் அது இறந்த காலம். மலைக் கணக்கில் "அட, ருசியா இருக்கே" என்கிற திடீர்க் கண்டுபிடிப்பு. காலப்பிழை என்று மதிப்பெண் வெட்டுகிறவர்களுக்கு இது புரிவதில்லை.

சரி, "சுத்தம்" பார்ப்பவர்களுக்கும் ஒன்று. 'போல்யோ' கோழி, 'போயோ' கல்திண்ணை. பழைய ஸ்பெயின் ஸ்பானிஷில் இரண்டும் வேறு வேறு ஒலி. லிமா இரண்டையும் 'போயோ' ஆக்கிப் பல காலமாகிறது. மலையில் பல ஊர்களில் இன்னும் பிரித்துச் சொல்கிறார்கள். அதற்கு யாரும் ரீல் போடுவதில்லை.

"கமென்ட்ல ஒரு பெருக்காரரே சிரிக்கிறாரே" என்று ஆதாரம் காட்டுகிறார்கள். லிமாக்காரர் சிரிப்பார், ஐயா. இது இன்று தொடங்கிய சிரிப்பா? தென் அமெரிக்காவில் அச்சடித்த முதல் புத்தகத்திலேயே, 1584இல், லிமாவில், ஸ்பானிஷோடு கெச்சுவாவும் இன்னொரு மலைமொழியான அய்மராவும் இருந்தன. கொல்லத்தில் தமிழ் நூலான தம்பிரான் வணக்கம் அச்சாகி ஆறே ஆண்டுகள். பெருவில் பாதிரிகளுக்கு அப்போது கெச்சுவா தேவைப்பட்டது. 1781இல் ஸ்பானிஷ் ஆட்சியை எதிர்த்த துப்பாக் அமாரு கிளர்ச்சியை நசுக்கிய தீர்ப்பிலேயே, இந்த மக்கள் தங்கள் மொழியை விட்டு ஸ்பானிஷ் பேசவேண்டும் என்று எழுதிவைத்தார்கள். 1975இல் வெலாஸ்கோ அரசு கெச்சுவாவை ஆட்சிமொழி ஆக்கியது. 1993 அரசியல் சாசனம் "அது பெரும்பான்மையாக இருக்கும் பகுதிகளில்" என்று வேலி போட்டது.

2009இல் இலாரியா சூப்பா என்ற எம்.பி. குஸ்கோக்காரர், கெச்சுவா தாய்மொழி, பள்ளிப்படிப்பு சரியாக வாய்க்காதவர். அவையில் தனக்காக அவர் எழுதிக்கொண்டிருந்த குறிப்பை லிமா நாளிதழ் ஒன்று படம் பிடித்தது. எழுத்துப்பிழைகள் தெரியும்படி பெரிதாக்கி முதல் பக்கத்தில் போட்டது. தலைப்பு: "என்ன தரம்!" அந்தப் பிழைகள் எவை என்று போய்ப் பாருங்கள். எ-இ, ஒ-உ. அதே மீசா சமாச்சாரம். அந்தப் பத்திரிகைக்காரருக்குக் கெச்சுவாவில் ஒரு பக்கம் எழுத வருமா என்று யாராவது கேட்டார்களா?

"ஜோக்கை ஜோக்கா எடுத்துக்கத் தெரியல உங்களுக்கு." தெரியலதான். விடுங்கள்.

"ஒரு நாட்டுக்குத் தரப்படுத்தின மொழி ஒண்ணு வேண்டாமா?" இது ஒன்றுதான் நியாயமான கேள்வி. வேண்டும். சொல்லப்போனால் கெச்சுவாக்காரர்களுக்குள்ளேயே அந்தச் சண்டை ஓயவில்லை. மூன்று உயிரெழுத்து போதும் என்கிறது கல்வித்துறை, 1985இலிருந்து. ஐந்து வேண்டும் என்கிறது குஸ்கோவில் உள்ள அகாடமி. பரீட்சைத் தாளுக்கு, சட்டத்துக்குத் தரமொழி வையுங்கள். கிழங்கு எடைபோடுகிற இடத்தில் எதற்கு?

"நாமளும்தான் இங்கிலீஷ்ல தப்பா பேசுறவனைக் கலாய்க்கிறோம், இதுல என்ன?" இதை ஒரு வாதம் என்று எப்படித்தான் எழுதுகிறீர்களோ.

ஏன் இவ்வளவு சூடு என்று கேட்பவர்களுக்கு. 1980 முதல் 2000 வரை பெருவில் நடந்த உள்நாட்டுப் போரில் செத்தவர்கள், காணாமல் போனவர்கள் ஏறக்குறைய 69 ஆயிரம் பேர் என்று உண்மை அறியும் ஆணையம் 2003இல் மதிப்பிட்டது. அதில் 75 சதவீதம் பேருக்குத் தாய்மொழி கெச்சுவா அல்லது வேறொரு பழங்குடி மொழி. நாட்டு மக்கள்தொகையில் அவர்கள் பங்கு அப்போது 16 சதவீதம்தான். இவ்வளவு பேர் போய்க்கொண்டிருந்தது தலைநகருக்கு உறைக்கவே இல்லை என்று அந்த ஆணையமே வேதனைப்பட்டது. மலையிலிருந்து தப்பி லிமாவுக்கு வந்தவர்கள் பேருந்தில் கெச்சுவா பேசப் பயந்தார்கள். பிள்ளைக்கு ஸ்பானிஷ் மட்டும் போதும் என்று முடிவெடுத்தார்கள். "மொத்தோசோ" என்று வகுப்பில் ஒரு பையன் சிரித்தால், அடுத்த தலைமுறைக்கு மொழி போகாது. ஒரு மொழியைச் சாகடிக்கத் தடைச்சட்டம் தேவையில்லை, வகுப்பில் ஒரு சிரிப்பு போதும் என்று நான் சொன்னால், "ஓவர் எமோஷன்" என்பீர்கள். சொல்லுங்கள்.

"பெருக்காரங்களுக்கு நீ என்ன வக்கீலா?" இல்லை. ஸ்பானிஷ் சொல்லிக்கொடுக்கிறவன். அதனால் குஸ்கோ போகப்போகிறவர்களுக்குத் தொழில்முறையில் ஒன்று: வாக்கியக் கடைசியில் "தீசே" வந்தால் அது கேள்விப்பட்ட செய்தி, அதை நம்பி டிக்கெட் போடாதீர்கள். "அபீயா சீதோ" வந்தால் இப்போதுதான் கண்டுபிடித்திருக்கிறார்கள். மேசாவா மீசாவா என்று குழப்பமாக இருந்தால் சுற்றிப் பாருங்கள். கிழங்கு மேசைமேல்தான் இருக்கும்.